அண்ணலைத் தேடி உலகைச் சுற்றிய ஏ. கே. செட்டியார்

நம் நாட்டரசன்கோட்டைக்கு வருகிறவர்கள் இரண்டு இடங்களைத் தவறாமல் காண்பார்கள். ஒன்று கண்ணுடைய நாயகி அம்மன் கோயில். மற்றொன்று, கவிச்சக்கரவர்த்தி கம்பர் துயில் கொள்ளும் இடம் என்று நம் முன்னோர் வழிவழியாகப் போற்றிவரும் சமாதி. அந்த மண்ணைச் சிறிது எடுத்துக் குழந்தையின் நாவில் வைத்தால் கல்வி பெருகும் என்று நம்பும் பெற்றோர் இன்றும் உள்ளனர். பல நூற்றாண்டுகளுக்கு முன் மறைந்த ஒரு புலவரின் நினைவை ஓர் ஊர் இவ்வாறு காத்து வைத்திருப்பது பெருமைக்குரியது அன்றோ!

ஆனால், நம் பாட்டன் பாட்டியர் காலத்தில், இதே செட்டிநாட்டில் பிறந்த ஒருவர் உலகின் நான்கு கண்டங்களைச் சுற்றி ஒரு படத்தை உருவாக்கினார். மகாத்மா காந்தியின் வாழ்வை முதன்முதலில் முழுமையாகத் திரைக்குக் கொணர்ந்த வரலாற்றுப் படம் அது. இரண்டாம் உலகப் போர் மூண்டிருந்த வேளையில் அது வெளிவந்தது. அன்று தமிழகம் கண்டு மகிழ்ந்த அந்தப் படம், அன்று இருந்த உருவில் இன்று நம்மிடம் இல்லை. இதை நினைக்கும்போது நம் உள்ளம் வருந்துகிறது. அப்படத்தை ஆக்கிய ஏ. கே. செட்டியாரின் வாழ்வை நம் பள்ளி மலரைப் படிக்கும் சகோதரியர் அறிந்துகொள்ள வேண்டும் என்னும் ஆவலால் இக்கட்டுரையை வரைகிறோம்.

பிறப்பும் இளமையும்

காரைக்குடியை அடுத்துள்ள கோட்டையூர் சிறிய ஊர்தான். ஆனால் அது நாட்டுக்கு அளித்த மக்கள் பெரியவர்கள். காரைக்குடியில் கல்லூரிகளை நிறுவிய வள்ளல் அழகப்பச் செட்டியார் பிறந்த ஊர் அது. பழைய நூல்களையும் இதழ்களையும் வாழ்நாள் முழுவதும் சேர்த்துவைத்த ரோஜா முத்தையா வாழ்ந்த ஊரும் அதுவே. அவ்வூரில் 1911ஆம் ஆண்டு நவம்பர் மாதத்தில் கருப்பன் செட்டியார் பிறந்தார். பிற்காலத்தில் அவர் ஏ. கே. செட்டியார் என்று தமிழுலகில் அறியப்பட்டார்.

அவர் திருவண்ணாமலையில் பள்ளிக் கல்வி பயின்றார். எழுத்தில் ஆர்வம் இளமையிலேயே வந்துவிட்டது. அந்நாளில் செட்டிநாட்டு இளைஞர் பலர் கொண்டுவிற்கக் கடல் கடந்து செல்வது வழக்கம். பர்மா, மலேயா, இலங்கை, சைகோன் ஆகிய இடங்களில் நம்மவர் கடைகள் இருந்தன. அடுத்தாளாகச் சேர்ந்து, கணக்கு எழுதி, படிப்படியாக உயர்ந்து, பொருளோடு ஊர் திரும்பி வீடு கட்டுவது அக்கால இளைஞரின் கனவு. செட்டியாரும் பர்மாவுக்குச் சென்றார். ஆனால் அவர் கையில் எடுத்தது வட்டிக் கணக்குப் பேரேடு அன்று. பத்திரிகை ஆசிரியரின் பேனா. இரங்கூனில் வெளிவந்த தனவணிகன் என்னும் இதழுக்கு அவர் ஆசிரியராக இருந்தார்.

எழுதுவதோடு அவர் மனம் நிறைவடையவில்லை. புகைப்படக் கலையை முறையாகக் கற்க விரும்பி ஜப்பானுக்குச் சென்று டோக்கியோவில் பயின்றார். பிறகு அமெரிக்கா சென்று நியூயார்க்கில் மேலும் பயிற்சி பெற்றார். கடல் கடந்து சென்ற எல்லோரும் பொருள் தேடினார்கள் என்றால், இவர் தொழில்நுட்ப அறிவைத் தேடினார். அதுவும் ஒரு கொண்டுவிற்றல்தான். ஆனால் அதன் இலாபம் நாட்டுக்குச் சேர்ந்தது.

கப்பலில் பிறந்த எண்ணம்

1937ஆம் ஆண்டு அக்டோபர் 2ஆம் நாள். நியூயார்க்கிலிருந்து அயர்லாந்தை நோக்கி அட்லாண்டிக் கடலில் சென்றுகொண்டிருந்த ஒரு கப்பலில் செட்டியார் இருந்தார். அன்று காந்தியடிகளின் பிறந்த நாள். நாடெங்கும் மக்கள் கொண்டாடும் அந்நாளில் இவரோ நாற்புறமும் நீர் சூழ்ந்த இடத்தில் இருந்தார். அப்போதுதான் காந்தியடிகளின் வாழ்க்கையைத் திரைப்படமாக ஆக்க வேண்டும் என்னும் எண்ணம் அவர் உள்ளத்தில் உதித்தது. அன்று அவருக்கு வயது 26 கூட நிறையவில்லை.

அந்நாளில் நம் நாட்டில் திரைப்படம் என்றால் புராணக் கதைதான், பாட்டும் நாடகமும்தான். தமிழின் முதல் பேசும் படமான காளிதாஸ் வந்து ஆறே ஆண்டுகள் ஆகியிருந்தன. உயிரோடு வாழும் ஒரு தலைவரின் வாழ்வை, நடிகர் எவரும் இன்றி, உண்மையாக எடுக்கப்பட்ட காட்சிகளைக் கொண்டே சொல்லலாம் என்று நினைத்தவர் மிகச் சிலரே.

இதில் ஒரு பெரிய சிக்கலும் இருந்தது. காந்தியடிகள் படத்துக்கென்று நின்று காட்டுகிறவர் அல்லர். மேலும் அவருடைய வாழ்வின் முக்கால் பங்கு அப்போது கழிந்துவிட்டது. தென்னாப்பிரிக்காவில் 21 ஆண்டுகள் நடந்த வாழ்வை 1937இல் எப்படிப் படம் எடுப்பது? 1930இல் நடந்த தண்டி யாத்திரையை மறுபடியும் நடத்திக் காட்ட முடியுமா? 1931இல் இலண்டன் வட்டமேசை மாநாட்டுக்குச் சென்றதை மீண்டும் எடுக்க முடியுமா? முடியாது. ஆனால் அந்நிகழ்ச்சிகள் நடந்தபோதே அவற்றைச் செய்திப் படக்காரர்கள் எடுத்திருந்தார்கள். அத்துண்டுகள் உலகமெங்கும் சிதறிக் கிடந்தன. அவற்றைத் தேடிச் சேர்ப்பது ஒன்றே வழி.

சிதறிய துண்டுகளைத் தேடி

தொலைக்காட்சி வீடுகளுக்கு வருவதற்கு முந்திய காலத்தில் மக்கள் உலகச் செய்திகளைக் கண்ணால் கண்டது திரைப்படக் கொட்டகையில்தான். கதைப் படம் தொடங்குமுன் பத்து நிமிடம் செய்திப் படம் ஓடும். இங்கிலாந்து, பிரான்சு, அமெரிக்கா ஆகிய நாடுகளின் கம்பெனிகள் தம் ஒளிப்பதிவாளர்களை உலகெங்கும் அனுப்பி இவற்றை எடுத்தன. ஒரு வாரம் காட்டியபின் அவை பழையவை ஆகிவிடும். பெட்டியில் இட்டுக் கிடங்கில் போட்டுவிடுவார்கள். சில இடங்களில் அழித்தும் விடுவார்கள்.

செட்டியார் இந்தக் கிடங்குகளைத் தேடிப் புறப்பட்டார். சென்னையில் டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட் என்னும் பெயரில் ஒரு நிறுவனம் அமைந்தது. பாரிஸ் நகரில் ஒளிப்பதிவு கற்றுத் திரும்பிய டாக்டர் பி. வி. பதி அவருக்கு உறுதுணையாக இருந்தார். 1937 முதல் 1940 வரை ஏறக்குறைய மூன்று ஆண்டுகளில் செட்டியார் சென்ற தொலைவு சுமார் 1,00,000 மைல்கள். விமானப் பயணம் அரிதாக இருந்த காலம் அது. பெரும்பாலும் கப்பலிலும் இரயிலிலும் இத்தனை தொலைவு சென்றார் என்பதை நாம் நினைவில் கொள்ள வேண்டும்.

தென்னாப்பிரிக்காவுக்கும் அவர் சென்றார். அது காந்தியடிகளைச் செதுக்கிய மண். 1899இல் அங்கே போயர் யுத்தம் மூண்டபோது, காந்தியடிகள் சுமார் 1,100 இந்தியரைச் சேர்த்துக் காயமுற்றோரைத் தூக்கிச் செல்லும் படை ஒன்றை அமைத்தார். அவர்களில் தமிழர் பலர் உண்டு. திரைப்படக் கருவி கண்டுபிடித்துச் சில ஆண்டுகளே ஆன அந்நாளில், அக்கருவி சென்ற முதல் சில போர்க்களங்களுள் அதுவும் ஒன்று. ஆனால் அக்கருவிகள் துப்பாக்கி ஏந்தியவர்களை நோக்கின. டோலி தூக்கியவர்களைத் தேடவில்லை. ஏறக்குறைய நாற்பது ஆண்டுகளுக்குப் பின் அந்த நாட்டுக்குப் படக் கருவியோடு போன நம்மவர், காந்தியடிகளின் அடிச்சுவட்டைத் தேடிப் போனார்.

இவ்வாறு அவர் திரட்டியது எவ்வளவு தெரியுமா? சுமார் 50,000 அடி நீளமுள்ள படச்சுருள்! அது 30 ஆண்டுக் காலத்தில் சுமார் 100 ஒளிப்பதிவாளர்கள் எடுத்தது. கணக்கில் ஆர்வமுள்ள சகோதரியர்க்கு ஒரு சிறு விளக்கம். பேசும் படத்தில் ஒரு நிமிடத்துக்கு 90 அடி பிலிம் ஓடும். அப்படியானால் 50,000 அடி ஓடி முடிய ஒன்பது மணி நேரத்துக்கும் மேல் ஆகும். அவ்வளவையும் பலமுறை பார்த்து, நாளும் இடமும் சரிபார்த்து, வரிசைப்படுத்தி, 12,000 அடியாகச் சுருக்க வேண்டும். அதாவது இரண்டே கால் மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவான படம்.

வேலை அதோடும் முடியவில்லை. பேசாப் படக் காலத்தில் கையால் சுற்றி எடுத்த காட்சிகளில் நொடிக்குப் படங்கள் குறைவு. அவற்றைப் பேசும் படக் கருவியில் ஓட்டினால் மனிதர்கள் துள்ளித் துள்ளி ஓடுவதுபோல் தோன்றும். பழைய படங்களில் காந்தியடிகள் விரைந்து ஓடுவதுபோல் காண்கிறோமே, அதற்கு இதுவும் ஒரு காரணம். இத்தகைய துண்டுகளை ஒன்றாக்கி, தமிழில் விளக்கவுரை சேர்த்து, இசையும் சேர்த்தார்கள். இசையரசி டி. கே. பட்டம்மாள் இப்படத்துக்காகப் பாடினார்.

போர்க் காலத்தில் ஓர் அமைதிப் படம்

செட்டியார் இவ்வாறு அலைந்துகொண்டிருந்த ஆண்டுகளில் உலகம் போரை நோக்கிப் போய்க்கொண்டிருந்தது. 1938இல் இட்லர் ஆஸ்திரியாவை விழுங்கினார். 1939இல் செக்கோஸ்லோவாகியா வீழ்ந்தது. அதே ஆண்டு செப்டம்பர் 3ஆம் நாள் பிரிட்டன் போர் தொடுத்தது. இந்திய மக்களின் கருத்தைக் கேளாமலே வைசிராய் லின்லித்கோ இந்தியாவும் போரில் இருப்பதாக அறிவித்தார். இதை எதிர்த்துக் காங்கிரசு மந்திரி சபைகள் பதவி விலகின. சென்னையில் இராஜாஜியின் மந்திரி சபையும் விலகியது.

இத்தகைய நேரத்தில் 1940 ஆகஸ்டு 23ஆம் நாள் சென்னை ராக்ஸி கொட்டகையில் மகாத்மா காந்தி என்னும் அப்படம் வெளிவந்தது. உலகமே ஆயுதம் ஏந்தி நின்றபோது, ஆயுதம் ஏந்தாத ஒருவரின் வரலாறு திரையில் ஓடியது! அதன்பின் எட்டு வாரங்களுக்குள், அக்டோபர் 17ஆம் நாள், வினோபா பாவே போருக்கு எதிராகப் பேசித் தனிநபர் சத்தியாக்கிரகத்தைத் தொடங்கினார் என்பதை எண்ணினால், படம் வந்த வேளை எத்தகையது என்பது விளங்கும். தமிழில் வந்ததைத் தொடர்ந்து தெலுங்கு விளக்கவுரையோடும் அது காட்டப்பட்டது.

இன்னும் இரண்டு ஆண்டுகள் தாமதித்திருந்தால் அது வெளிவந்தே இராது. 1942இல் பிலிம் தட்டுப்பாடு காரணமாக, கதைப் படங்கள் 11,000 அடிக்கு மேற்படக் கூடாது என்று அரசு வரம்பு விதித்தது. மறு ஆண்டில் அரசு உரிமம் இல்லாமல் பிலிமே கிடைக்காது என்னும் நிலை வந்தது. காந்தியடிகள் படத்துக்கு அவ்வரசு பிலிம் கொடுத்திருக்குமா? நாமே எண்ணிப் பார்க்கலாம்.

1942 ஆகஸ்டு 8ஆம் நாள் வெள்ளையனே வெளியேறு தீர்மானம் நிறைவேறியது. மறுநாள் காந்தியடிகள் சிறைப்பட்டார். நம் பக்கமும் அனல் பறந்தது. தேவகோட்டையில் நீதிமன்றம் தீக்கிரையாயிற்று. திருவாடானையில் மக்கள் சிறையை உடைத்துச் சின்ன அண்ணாமலையை மீட்டார்கள். அந்நிலையில் காந்தியடிகளின் படத்தைக் கொட்டகையில் காட்ட வழி இல்லாமல் போயிற்று. மூன்று ஆண்டு உழைப்பு, திறந்த சில காலத்திலேயே பெட்டிக்குள் அடங்கிவிட்டது.

எல்லைப் போரும் அரசின் படங்களும்

காந்தியடிகள் படம் மறைந்திருந்த அதே ஆண்டுகளில் கொட்டகைகளில் வேறு படங்கள் ஓடின. அவற்றையும் இங்கே அறிவது பயன் தரும்.

1942 மார்ச்சில் ஜப்பானியர் இரங்கூனைப் பிடித்தனர். பர்மாவில் வாழ்ந்த இந்தியர் இலட்சக் கணக்கில் காடும் மலையும் கடந்து அசாம், மணிப்பூர் எல்லைக்கு நடந்தே வந்தனர். வழியில் நோயாலும் பசியாலும் மாண்டவர் பல்லாயிரவர். செட்டிநாட்டின் எத்தனையோ குடும்பங்கள் கடையையும் நிலத்தையும் விட்டு வெறுங்கையோடு திரும்பின. 1944இல் அந்த எல்லையிலேயே, இம்பாலிலும் கோகிமாவிலும் பெரும்போர் நடந்தது. நம்மூருக்கு ஆயிரத்தைந்நூறு மைலுக்கு அப்பாலுள்ள மலைகள் அவை. பெரும்பாலோர் அப்பெயர்களை அதற்குமுன் கேட்டதும் இல்லை.

அந்தப் போரை மக்கள் எப்படிக் கண்டார்கள்? அரசு காட்டியபடி கண்டார்கள். 1943 முதல் கொட்டகைக்காரர்கள் அரசின் செய்திப் படத்தைக் கட்டாயம் காட்ட வேண்டும். அதற்கு வாடகையும் செலுத்த வேண்டும். பிரிட்டிஷ் இராணுவத்துக்கெனத் தனிப் படப்பிரிவு இருந்தது. அது எடுத்த காட்சிகளைக் கொண்டு பர்மா விக்டரி என்னும் படம் 1945இல் வந்தது. தமிழிலும் போர் முயற்சிக்கு ஆதரவாக மானசம்ரட்சணம், பர்மா ராணி போன்ற கதைப் படங்கள் 1945இல் வந்தன. அமெரிக்காவில் பிராங்க் காப்ரா என்னும் புகழ்பெற்ற இயக்குநர், இராணுவத்துக்காக ஏழு படங்களை 1942க்கும் 1945க்கும் இடையில் ஆக்கினார். பழைய செய்திப் படங்களையும் பகைவர் எடுத்த படங்களையும் வெட்டிச் சேர்த்து அவர் அவற்றை உருவாக்கினார்.

இங்கே நாம் ஒன்றைக் கருத வேண்டும். காப்ரா கையாண்ட முறையும் செட்டியார் கையாண்ட முறையும் ஒன்றே. பிறர் எடுத்த துண்டுகளைச் சேர்த்து ஒரு வரலாறு சொல்வது. ஆனால் அவருக்குப் பின்னால் ஒரு வல்லரசும் அதன் கருவூலமும் நின்றன. நம்மவருக்குப் பின்னால் அரசு இல்லை. எதிரில்தான் அரசு இருந்தது. அவரோ மக்கள் ஏன் போரிட வேண்டும் என்று காட்டினார். இவரோ போரிடாமலும் போராடலாம் என்று காட்டினார். அதுவும் சில ஆண்டுகள் முன்னதாகவே காட்டினார்.

எல்லையில் உயிர் கொடுத்த வீரர்களையோ அவர்களைப் படம் எடுத்தவர்களையோ நாம் குறைத்துச் சொல்லவில்லை. உயிரைப் பணயம் வைத்து அவர்கள் எடுத்த காட்சிகளும் வரலாற்றுச் சான்றுகளே. எனினும் காட்டு வழியில் நடந்துவந்த நம் மக்களின் துன்பத்துக்கு அரசின் செய்திப் படங்களில் போதிய இடம் இல்லை. எதைப் படம் எடுப்பது, எதைக் காட்டுவது, எதை மறைப்பது என்பதைப் போர்க் காலத்தில் அரசே முடிவு செய்கிறது. ஆகவே அரசின் தயவை எதிர்பாராத ஒருவர் தாமாகச் சேர்த்து வைப்பது எவ்வளவு அரிய தொண்டு!

குமரி மலர்

படம் பெட்டிக்குள் அடங்கியது என்பதற்காகச் செட்டியார் சோர்ந்து உட்காரவில்லை. காகிதம்கூடக் கட்டுப்பாட்டில் இருந்த 1943ஆம் ஆண்டில் குமரி மலர் என்னும் இதழைத் தொடங்கினார். அவர் மறையும் வரை ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் அதை நடத்தினார். பழைய இதழ்களிலும் நூல்களிலும் மறைந்து கிடந்த அரிய கட்டுரைகளைத் தேடியெடுத்து அதில் மறுபடியும் வெளியிட்டார். பிலிம் கிடங்குகளில் செய்த அதே பணியை இப்போது தாளில் செய்தார்.

அவர் எழுதிய பயண நூல்களும் பல. உலகம் சுற்றும் தமிழன் என்னும் நூலின் பெயரே அவருக்குப் பட்டமாக நிலைத்துவிட்டது. எந்த நாட்டுக்குச் சென்றாலும் அங்குள்ள தமிழர் எவ்வாறு வாழ்கின்றனர் என்று கேட்டறிந்து எழுதுவார். தம்மைப் பற்றி மட்டும் எழுதமாட்டார். ஆயிரக்கணக்கான அடி படம் சேர்த்த அவர், தம்மைப் புகைப்படம் எடுக்க எளிதில் இசையமாட்டார். பிறரை வெளிச்சத்தில் நிறுத்திவிட்டுத் தாம் நிழலில் நிற்பதே அவர் இயல்பு. காந்தியடிகள் படத்தை ஆக்கிய வரலாற்றைக்கூடப் பல ஆண்டுகள் கழித்தே குமரி மலரில் எழுதினார். அக்கட்டுரைகள் அவர் மறைந்தபின் அண்ணல் அடிச்சுவட்டில் என்னும் நூலாக 2003இல் வெளிவந்தன. 1983 செப்டம்பர் 10ஆம் நாள் சென்னையில் அவர் காலமானார்.

படம் எங்கே?

நாடு விடுதலை பெற்ற 1947இல் அப்படம் இந்தி விளக்கவுரையோடு வெளிவந்தது. ஐந்து மாதங்களில் காந்தியடிகள் குண்டுக்கு இரையானார். 1953இல் அமெரிக்காவில் அதைச் சுருக்கி, ஆங்கில விளக்கவுரை சேர்த்து வெளியிட்டார்கள். மகாத்மா காந்தி: இருபதாம் நூற்றாண்டின் தீர்க்கதரிசி என்பது அப்பதிப்பின் பெயர்.

அதன்பின் நேர்ந்ததைச் சொல்லவே வருத்தமாக உள்ளது. படச்சுருள்கள் ஒவ்வொன்றாக மறைந்தன. அந்நாளைய பிலிம் எளிதில் தீப்பற்றும் தன்மை உடையது. வெப்பமான நம் நாட்டில், குளிர்ந்த அறையில் வைத்துப் பாதுகாக்காவிட்டால் பிசுபிசுத்து, நிறம் மாறி, இறுதியில் தூளாகிவிடும். நம் நாட்டுக்கெனத் திரைப்படக் காப்பகம் பூனா நகரில் 1964இல்தான் ஏற்பட்டது. அதற்குள் முதல் தமிழ்ப் பேசும் படமான காளிதாசும், எண்ணற்ற பேசாப் படங்களும் நம்மை விட்டுப் போய்விட்டன. செட்டியாரின் தமிழ்ப் படமும் அவ்வாறே போயிற்று.

வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி இப்படத்தைப் பல ஆண்டுகள் தேடினார். இறுதியில் அமெரிக்காவின் ஒரு பல்கலைக்கழகத்தில், 1953ஆம் ஆண்டு ஆங்கிலப் பதிப்பின் பிரதி கிடைத்தது. உலகமெங்கும் அலைந்து ஒருவர் சேர்த்ததை, நாம் இழந்துவிட்டு, மீண்டும் உலகில் தேட வேண்டியதாயிற்று! ஆங்கிலப் பதிப்பு கிடைத்தது நற்பேறே. ஆனால் 1940இல் ராக்ஸி கொட்டகையில் நம் மக்கள் தம் தாய்மொழியில் கேட்ட அந்த முழுப் படம் அதுவன்று.

ஒன்றும் வீணாகாதிருக்க

ஐந்து அப்பங்களைக் கொண்டு ஐயாயிரம் பேருக்கு உணவளித்த நம் ஆண்டவர், எல்லோரும் உண்டபின் என்ன செய்தார் என்பதை நாம் மறைக்கல்வி வகுப்பில் படித்திருக்கிறோம். மீந்த துண்டுகளைச் சேர்க்கும்படி சீடர்களைப் பணித்தார். பன்னிரண்டு கூடைகள் நிறைந்தன. நினைத்த நேரத்தில் அப்பத்தைப் பெருக்க வல்ல இறைமகனே துண்டுகளை வீணாக்கவில்லை என்றால், நாம் எம்மாத்திரம்! செட்டியார் செய்ததும் துண்டுகளைச் சேர்க்கும் பணியே. உலகம் பார்த்து முடித்து வீசியெறிந்தவற்றை அவர் குனிந்து பொறுக்கினார். அவருக்குப் பின் அக்கூடையைச் சுமக்கத் தவறியவர்கள் நாம்.

நம் ஊர் வீடுகளைச் சற்று எண்ணிப் பார்ப்போம். இரண்டாம் கட்டுக்கு அப்பால் பூட்டிக் கிடக்கும் அறைகளில் எத்தனை இரும்புப் பெட்டிகள்! பர்மாவிலிருந்தும் மலேயாவிலிருந்தும் ஐயாமார் எழுதிய கடிதங்கள், கடைப் பேரேடுகள், மங்கிய புகைப்படங்கள், திருமண அழைப்புகள், பழைய மாத இதழ்கள். பங்கு பிரிக்கும்போது நிலைக்கதவும் தூணும் விலை பேசப்படுகின்றன. தேக்கும் பீங்கானும் காரைக்குடிப் பழம்பொருள் கடைகளுக்குப் போகின்றன. தாள்களோ எடைக்குப் போகின்றன. அல்லது போகிப் பண்டிகையில் எரிகின்றன. அதே கோட்டையூரில் ரோஜா முத்தையா சேர்த்துவைத்த நூல்களும் இதழ்களும் அவர் 1992இல் மறைந்தபின் சென்னையில் ஓர் ஆராய்ச்சி நூலகமாக வளர்ந்திருக்கின்றன. அங்கே உலகின் பல நாடுகளிலிருந்தும் அறிஞர்கள் வந்து படிக்கின்றனர். சேர்த்தவை காக்கப்பட்டால் என்ன ஆகும் என்பதற்கு அதுவே சான்று. காக்கப்படாவிட்டால் என்ன ஆகும் என்பதற்குச் செட்டியாரின் படமே சான்று.

மாணவியராகிய நம்மால் உலகைச் சுற்ற இயலாமல் இருக்கலாம். ஆனால் ஒரு விடுமுறை நாளில் ஆயாவிடமோ அப்பத்தாவிடமோ அமர்ந்து, பழைய புகைப்படங்களில் இருப்பவர் யார் யார் என்று கேட்கலாம். படத்தின் பின்புறத்தில் மெல்லிய பென்சிலால் பெயர், ஊர், ஆண்டு மூன்றையும் குறிக்கலாம். பர்மாவிலிருந்து நடந்துவந்த பெரியவர்களின் கதை வீட்டில் வழங்கினால், அவர்கள் வந்த வழியையும் இழந்த உறவுகளையும் ஒரு நோட்டில் எழுதி வைக்கலாம். அரசின் படக்கருவி பாராத அக்கதையை நம் வீட்டு நோட்டாவது காக்கும். எடைக்குப் போடப்போகும் தாள்களை ஒருமுறை பிரித்துப் பார்த்து, நம் ஆசிரியையரிடம் காட்டிவிட்டுப் பிறகு முடிவு செய்யலாம். இவற்றுக்குப் பணம் வேண்டாம், பொறுமைதான் வேண்டும்.

கம்பர் சமாதியை நம் முன்னோர் காத்துத் தந்தனர். பெயர் பெற்றவரை மட்டும் காத்தால் போதாது. பெயரை விரும்பாமல் உழைத்தவரையும் காக்க வேண்டும். தம் முகத்தைக் காட்டாமல் அண்ணலின் முகத்தை உலகுக்குக் காட்டிய ஏ. கே. செட்டியாரை நினைவில் இருத்துவோம். எங்கோ ஒரு வீட்டின் பரணில், துருவேறிய வட்டத் தகரப் பெட்டி ஒன்றில், அந்தத் தமிழ்ப் படத்தின் ஒரு சுருளாவது இன்னும் இருக்கலாம் அல்லவா? அதைத் திறந்து பார்க்கும் கைகள் நம் கைகளாக இருக்கட்டும்!